லூயி ழூவே – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நாடகப் பள்ளி நுழைவுத் தேர்வில் இந்த ஆண்டும் என்னை எடுக்கவில்லை. இது இரண்டாம் முறை. ஆறுதலுக்காக பிரெஞ்சு நாடக, சினிமா நடிகர் லூயி ழூவேயைப் பற்றித் தேடிப் படித்தேன். பாரிஸின் நாடகப் பள்ளியான கன்சர்வத்வார் மூன்று முறை நிராகரித்தவர், பிறகு அங்கேயே ஆசிரியரானாராம். யூடியூபில் சில துண்டுகள் பார்த்தேன், ஓவர் ஆக்டிங்காகத்தான் தெரிந்தது. பணத்துக்காகத்தான் சினிமாவில் நடித்தாராமே? எந்தப் படத்திலிருந்து தொடங்கலாம்?

கதிரவன்

அன்புள்ள கதிரவன்,

இரண்டு முறை கதவைச் சாத்தினால் வலிக்கத்தான் செய்யும். அதற்காக வெட்கப்பட வேண்டாம். ஆனால் ‘தோற்றார், பிறகு வென்றார்’ என்பதை மட்டும் ழூவேயிடமிருந்து எடுத்துக்கொள்வது சோம்பேறித்தனம். நடுவில் அவர் என்ன வேலை பார்த்தார் என்று ஏன் தேடவில்லை?

மருந்தாளர் படிப்பு முடித்தவர் 1913இல் இயக்குநர் ழாக் கோப்போ பாரிஸில் நடத்திய வியூ கொலம்பியே அரங்கின் குழுவில் நடிகராகவும் ஸ்டேஜ் மானேஜராகவும் சேர்ந்தார். அந்த அரங்கில் மேடை விளிம்பில் வரிசையாக எரியும் விளக்குகளை எடுத்துவிட்டார்கள். கீழிருந்து அடிக்கும் வெளிச்சத்தில் மூக்கின் நிழல் மேலே ஏறும். அந்த வெளிச்சத்துக்காக எல்லோரும் முன்னால் வந்து நின்று சபையைப் பார்த்தே பேசுவார்கள். அதை எடுத்ததும் மேடையின் ஆழம் முழுவதும் நடிகனுக்குக் கிடைத்தது. ஆனால் இனி வெளிச்சம் மேலிருந்தும் பக்கத்திலிருந்தும் வரவேண்டும். அதற்காக ழூவே அமைத்த, திருப்பக்கூடிய விளக்குப் பெட்டிகளுக்கு அவர் பெயரே நிலைத்தது. மேலிருந்து விழும் வெளிச்சத்தில் தலையைக் கொஞ்சம் குனிந்தாலும் கண் இருட்டில் போய்விடும். விளக்கைக் கட்டியவனுக்கு அதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. படங்களில் அவர் தலையை எவ்வளவு குறைவாக அசைக்கிறார் என்று பாருங்கள். அதையா ஓவர் ஆக்டிங் என்கிறீர்கள்? உங்கள் காதில் உறுத்தியது அந்த வெட்டி வெட்டிப் பேசும் குரல். அது வேறு விஷயம்.

அந்த வேறு விஷயம் மூச்சு. 1934இல் கன்சர்வத்வாரில் ஆசிரியரானார். 1940 பிப்ரவரியிலிருந்து செப்டம்பர் வரை, மோலியேரின் ‘தோன் ழுவான்’ நாடகத்தில் நாயகன் கைவிட்ட மனைவி எல்வீர் விடைபெற வரும் ஒரே காட்சியை ஒரு மாணவிக்கு ஏழு பாடங்களாக நடத்தினார். சுருக்கெழுத்தில் பதிவானதால் அவை நமக்குக் கிடைக்கின்றன. அந்தக் காட்சியின் வாக்கியங்கள் நீளமானவை. புதிதாக நடிப்பவர்கள் நடுவில் நிறுத்தி, அந்த இடைவெளியில் உணர்ச்சியை ஊற்றுவார்கள். நிறுத்திய இடத்தில் மூச்சு தீரும், அடுத்த சொல் கீழே விழும், அதைத் தூக்க குரலை உயர்த்துவார்கள். அப்புறம் காட்சி முழுக்க அழுகைதான். முதலில் வாக்கியத்தை அதன் முடிவுவரை ஒரே மூச்சில் கொண்டுபோகப் பழக வேண்டும். உணர்ச்சி அந்த மூச்சின் மேல் வந்து உட்காரும். தேர்வில் நீங்கள் எந்த வசனத்தைப் பேசினீர்கள் என்று எழுதவில்லை. எங்கெங்கே மூச்சு எடுத்தீர்கள் என்று பென்சிலால் குறித்துப் பாருங்கள். காற்புள்ளிதோறும் கோடு இருந்தால் குற்றம் தேர்வுக் குழுவுடையது அல்ல.

பணத்துக்காகத்தான் நடித்தார். 1934 முதல் பாரிஸின் அத்தேனே அரங்கை நடத்தியவர். சினிமாச் சம்பளம் அங்கே போயிற்று. இதில் என்ன குறை கண்டீர்கள்?

படம்? இயக்குநர் க்ளூசோவின் ‘கே தெஸ் ஒர்ஃபேவ்ர்’ (1947). அலுத்துப்போன ஒரு போலீஸ் அதிகாரி. அதிலிருந்து தொடங்குங்கள். பிறகு ‘க்னோக்’. ஜூல் ரொமேனின் அந்த நாடகத்தை 1923இல் மேடையேற்றினார். கையிருப்பு குறைந்தபோதெல்லாம் அதையே மறுபடி எடுத்தார். 1933, 1951 என இரண்டு முறை படமாகவும் நடித்தார். உடம்புக்கு ஒன்றுமில்லாத ஒரு கிராமத்துப் பெண்ணிடம், சிறுவயதில் சுமார் மூன்றரை மீட்டர் ஏணியிலிருந்து விழுந்திருப்பீர்கள் என்று மருத்துவர் க்னோக் சாதிப்பார். சாதாரண நடிகன் இங்கே சபைக்குக் கண்ணடிப்பான். சிரிப்பு முன்கூட்டியே வெடித்து, வைத்தியச் செலவாகக் கன்றுக்குட்டி, பன்றி கணக்கு சொல்லும் அடுத்த வசனம் அதில் அமுங்கிவிடும். ழூவே அந்த மூன்றரை மீட்டரை மருந்துச்சீட்டில் அளவு எழுதுவதுபோலச் சொல்வார். இரண்டு படங்களிலும் அந்தக் காட்சியை அடுத்தடுத்துப் பாருங்கள். முதல்முறை சப்டைட்டிலோடு, இரண்டாம் முறை அது இல்லாமல், கையில் பென்சிலோடு.