மணல் துகளை நுண்ணோக்கியில் பார்த்து அது எங்கிருந்து வந்தது என்று சொல்ல முடியுமா? எல்லாம் வெறும் குவார்ட்ஸ்தானே?

முடியும். ஒரே ஒரு துகளை வைத்துக்கொண்டு முடியாது, அவ்வளவுதான்.

நீங்கள் அநேகமாக முதுகலை நிலவியல் மாணவராக இருப்பீர்கள். உடன் படிப்பவனுக்குச் செயற்கைக்கோள் படம், நிலத்தடி நீர் என்று கௌரவமான தலைப்பு கிடைத்திருக்கும். உங்கள் கையில் ஒரு பாலிதீன் பை மணலைக் கொடுத்து "இதில் ஏதாவது செய்" என்று சொல்லியிருப்பார்கள். அந்தக் கடுப்பில்தான் "வெறும்" என்று எழுதியிருக்கிறீர்கள். எனக்கும் அப்படித்தான் கிடைத்தது. என் பையில் இருந்தது தூத்துக்குடி மாவட்டத்துத் தேரி மணல்.

திருச்செந்தூர், சாத்தான்குளம் பக்கம் போயிருப்பவர்களுக்குத் தெரியும்: மேடு மேடாகச் செம்மணல், ஆங்காங்கே பனையும் முந்திரியும். இந்த மணல் எங்கிருந்து வந்தது என்பது பழைய வழக்கு. ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக வீசும் தென்மேற்குப் பருவக்காற்று, மலையடிவாரச் செம்மண்ணை அள்ளிக்கொண்டுவந்து கொட்டியது என்பது ஒரு கட்சி. கடல்மட்டம் தாழ்ந்திருந்த காலத்தில் வெளியே தெரிந்த கடலடி மணலைக் காற்று உள்ளே தள்ளியது, சிவப்பு பிறகு ஏறியது என்பது இன்னொரு கட்சி. இதில் எந்தப் பக்கம் சாய்வது என்பதற்குத்தான் துகளைப் பார்க்க வேண்டியிருந்தது.

முதலில் சாதாரண ஸ்டீரியோ நுண்ணோக்கியில், மேலிருந்து வெளிச்சம் அடித்துப் பார்த்தேன். துகள் முழுவதும் ஒரே சீராகச் சிவப்பாக இருக்கும் என்று நினைப்போம். இல்லை. துருத்திக்கொண்டிருக்கும் இடங்களில் சிவப்பு தேய்ந்து உள்ளே இருக்கும் வெண்மை எட்டிப் பார்க்கும். குழிகளில் மட்டும் அடர்ந்து, ஏறக்குறையக் கறுப்பாக உறைந்திருக்கும். அது ஹெமடைட் என்ற இரும்பு ஆக்சைடின் பூச்சு. நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் ஸ்டானஸ் குளோரைடு போட்டுச் சூடாக்கினால் அது கழன்று போகும். பீக்கரில் அடியில் தங்கியதைப் பார்த்தபோது, அந்தச் செம்மணலா இது என்று எனக்கே சந்தேகம் வந்தது. வெளிறிய, முனை மழுங்கிய துகள்கள். பளபளப்பே இல்லாமல், உப்புத்தாள் வைத்துத் தேய்த்த கண்ணாடி போல மங்கிய மேற்பரப்பு. காற்றில் அடிபட்ட குவார்ட்ஸுக்கு இந்த மங்கல் வரும். கடற்கரையில் அலை புரட்டிய துகள் பெரும்பாலும் மினுமினுப்பாக இருக்கும்.

காரணம் எளிமையானது. தண்ணீருக்குள் இரண்டு துகள்கள் மோதும்போது இடையில் இருக்கும் நீர் அடியைத் தாங்கிக்கொள்ளும். காற்றில் அந்தச் சலுகை கிடையாது. டச்சு அறிஞர் கியூனன் 1960இல் வெளியிட்ட சோதனை முடிவுகளின்படி, அதே தூரத்துக்குக் காற்றில் போகும் குவார்ட்ஸ் துகள், ஆற்றில் உருள்வதைவிட நூறு முதல் ஆயிரம் மடங்கு வரை அதிகமாகத் தேய்கிறது.

பிறகு எலக்ட்ரான் நுண்ணோக்கி. எங்கள் துறையில் அது கிடையாது; வேறொரு நிறுவனத்தில் காசு கட்டி, வரிசையில் காத்திருந்து, துகள்களுக்குத் தங்கப் பூச்சு கொடுத்துப் பார்த்தோம். சில துகள்களில் ஆங்கில வி எழுத்து வடிவச் சின்னஞ்சிறு குழிகள் தெரிந்தன; நீருக்குள் வேகமாக மோதிக்கொண்ட துகளில் வரும் தழும்பு அது. ஆனால் அவற்றின் விளிம்புகள் மழுங்கியிருந்தன. அவற்றின்மேல், காற்று அடித்த துகளுக்கே உரிய, மேல்நோக்கி நிமிர்ந்த மெல்லிய தகடுகள் வரிசையாக ஏறியிருந்தன. முதலில் அலை, பிறகு காற்று; அதாவது கடலடி மணல் என்ற கட்சியின் பக்கம் சாய்ந்தது. வரிசை முக்கியம். எந்தத் தழும்பு எதை வெட்டிப் போகிறது என்று பார்க்காமல், 1973இல் கிரின்ஸ்லியும் டோர்ன்காம்பும் வெளியிட்ட படத்தொகுப்பைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஜோடி சேர்ப்பவர்கள் இருக்கிறார்கள். அதை ஆராய்ச்சி என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியாது.

வாய்மொழித் தேர்வுக்கு வந்த வெளித் தேர்வாளர் படங்களைப் புரட்டிவிட்டு, "அழகாக இருக்கிறது தம்பி. இந்தத் துகள் ஏதோ பழைய மணற்பாறையிலிருந்து உருண்டையாகவே உதிர்ந்து வந்திருந்தால்?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. அதற்காகவே நான் தனியாக ஸ்லைடு செய்து வைத்திருந்தேன். முனைவாக்கிய ஒளியில் பார்க்கும் நுண்ணோக்கியில், ஸ்லைடு வைத்த மேடையைத் திருப்பினால் நெருக்குப்படாத குவார்ட்ஸ் ஒரே நேரத்தில் முழுவதும் இருண்டுவிடும். பூமிக்கடியில் நெருக்குண்ட பாறையில் பிறந்தது அப்படி இருளாது, ஒரு நிழல் துகளின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரத்துக்கு நகர்ந்து போகும். என் துகள்களில் பெரும்பாலானவற்றில் அந்த நிழல் ஓடியது. கூடவே கார்னெட், சில்லிமனைட் என்ற கனிமங்களும் இருந்தன. பல சுற்று மணற்பாறையாகி உதிர்ந்த மணலில் இவை குறைந்து, ஜிர்கான், ரூட்டைல், டூர்மலின் போன்ற தாக்குப்பிடிக்கும் கனிமங்களே கூடுதலாக மிஞ்சும். ஆகவே தென் தமிழகத்து நைஸ், கோண்டலைட் என்ற உருமாறிய பாறைகள்தான் பக்கத்துப் பூர்வீகம் என்றேன். அவர் எழுந்து வந்து ஐபீஸில் கண்ணை வைத்து, மேடையைத் தானே திருப்பிப் பார்த்தார். வேறு கேள்வி கேட்கவில்லை.

சிலர் உடனே வந்து, இதெல்லாம் பழைய முறை, இப்போது லேசர் வைத்து ஜிர்கானுக்கு வயது பார்க்கிறார்கள் என்று பாடம் எடுப்பார்கள். பார்க்கட்டும், நல்ல முறைதான். அந்த இயந்திரம் உங்கள் கல்லூரியில் இருந்தால் அதையே செய்யுங்கள். தேரி வழக்கு என் ஆய்வேட்டோடு முடிந்துவிட்டது என்றும் நான் சொல்லவில்லை. வெப்பமும் மழையும் மாறி மாறி வரும் மண்ணில் குவார்ட்ஸ்கூடக் கொஞ்சம் கரையும், கரைந்த சிலிக்கா மறுபடி படியும். பழைய தழும்புகள் பாதி அழிந்துவிடும். நான் சொன்னது நான் எடுத்த இடத்து மணலுக்கு மட்டும்.

இத்தனை படித்ததற்கு ஊரில் கிடைத்த மரியாதையையும் சொல்லிவிடுகிறேன். நிலவியல் என்றாலே எங்கள் உறவினர்களுக்குப் போர்வெல்தான். தாய்மாமா ஒருவர் தன் தோட்டத்துக்கு என்னை அழைத்துப்போய் நாள் முழுக்க வெயிலில் நடக்கவைத்தார். தண்ணீர் இருக்கும் இடம் அறிய நிலத்தின் மின்தடையை அளக்க வேண்டும், கருவிக்கு வாடகை ஆகும் என்றதும் முகம் சுளித்தார். மறுவாரம் உள்ளங்கையில் தேங்காய் வைத்து நடப்பவரை வரவழைத்து, கேட்ட தொகையை வெற்றிலை பாக்கோடு கொடுத்தார். தண்ணீர் வந்ததா என்று கேட்காதீர்கள். அந்தப் பேச்சை எடுத்தால் இன்றைக்கும் மாமா எழுந்து போய்விடுகிறார்.

சரி, உங்கள் பைக்கு வருகிறேன். சல்லடையில் சலித்து ஒரே அளவுத் துகள்களை ஒப்பிடுங்கள். அரை மில்லிமீட்டர்த் துகளின் உருண்டையையும் அதில் நாலில் ஒரு பங்குத் துகளின் உருண்டையையும் சேர்த்துப் பேசினால் எந்த முடிவும் நிற்காது, சிறியவை பொதுவாகக் கூர்மையாகத்தான் இருக்கும். தின் செக்‌ஷனில், அதாவது 0.03 மி.மீ. தடிமனுக்கு இழைத்த சீவலில், முனைவாக்கிய ஒளியில் சாம்பல் நிறமாகத் தெரிகிற குவார்ட்ஸ், முழுத் துகளாக ஒட்டினால் இளஞ்சிவப்பும் பச்சையுமாக வளையம் காட்டும். தடிமன் கூடியதால் வரும் வண்ணம் அது. வேறு கனிமம் என்று நினைத்துப் பட்டியல் போட்டுவிடாதீர்கள். அமிலத்தில் போடுவதற்கு முன்பு ஒரு பங்கு மணலைக் கழுவாமல் தனியே எடுத்து, பையில் இடத்தின் பெயரை அழியாத மையில் எழுதி வையுங்கள். அமிலம் சிவப்போடு சேர்த்துச் சுண்ணாம்புக் கிளிஞ்சல் துண்டுகளையும் கரைத்துவிடும். கிளிஞ்சல் இருந்ததா என்று தேர்வாளர் கேட்டால் காட்ட உங்களிடம் ஏதாவது இருக்க வேண்டும்.