பிரிட்டில்புஷ் செடியின் இலைகள் ஏன் வெளுத்துப்போய் இருக்கின்றன?

பிரிட்டில்புஷ் என்பது டெய்சி, சூரியகாந்தி குடும்பத்தைச் சேர்ந்த புதர்ச்செடி. அமெரிக்காவின் தென்மேற்கிலும் மெக்சிகோவின் வடமேற்கிலும் உள்ள சொனோரன், மொஹாவி பாலைவனங்கள்தான் இதன் தாயகம். தண்டு எளிதில் முறியும் என்பதால் இந்தப் பெயர்.

சரி, இலைக்கு வருவோம். அந்த வெண்மை முழுவதும் பொடிப்பொடியான முடிகள். அவை வெயிலின் பெரும்பகுதியைத் திருப்பி அனுப்பிவிடுவதால் இலை அதிகம் சூடாகாது, குளிர்ச்சிக்காகத் தண்ணீரை ஆவியாக்கிச் செலவழிக்கும் தேவையும் குறைகிறது. ஆனால் இதற்கு ஒரு விலை உண்டு. ஜன்னலுக்குத் திரை போட்டால் வெயில் குறையும், கூடவே அறையும் இருட்டாகிவிடும் இல்லையா, அதே கதைதான்: உணவு தயாரிக்க வேண்டிய ஒளியையும் இந்த முடிகள் தடுத்துவிடுகின்றன. அதனால் மழைக்குப் பிறகு, தண்ணீர் தாராளமாக இருக்கும்போது, முடி குறைவான பசிய பெரிய இலைகளை விடுகிறது. மண் காயக் காய அடுத்து வரும் இலைகள் சிறுத்து, தடித்து, வெளுத்துக்கொண்டே போகும். ஒரே செடி பருவத்துக்கேற்ப இரண்டு விதமாகத் தெரிவது எனக்கு மிகவும் பிடித்த விஷயம்! வசந்தத்தில் இலைகளுக்கு மேலே நீண்ட காம்புகளில் மஞ்சள் பூக்கள் குவியும். தண்டில் வடியும் பிசினை அங்குள்ள பழைய தேவாலயங்களில் சாம்பிராணி போல எரித்திருக்கிறார்கள்.

அப்புறம், கடும் வறட்சியில் இலையெல்லாம் உதிர்ந்து வெறும் குச்சியாக நிற்பதைப் பார்த்து செடி செத்துவிட்டது என்று பலர் நினைக்கிறார்கள். பெரும்பாலும் அது உயிரோடுதான் இருக்கும், மழை வந்ததும் துளிர்க்கும்.