ஜான் கசவெட்டிஸ் பத்தி கேளுங்க, தெரிஞ்சத சொல்றேன்

கேள்வி: அண்ணா, ரோஸ்மேரீஸ் பேபி படத்துல ஹீரோயினுக்கு புருஷனா வர்றவர் தானே? அவர் டைரக்டரா?

பதில்: அவரே தான். நடிச்சு வாங்குற சம்பளத்த கொண்டுபோய் சொந்தப் படத்துல கொட்டுறது தான் அவர் பொழப்பே. 1967ல தி டர்ட்டி டசன்ல நடிச்சதுக்கு துணை நடிகர் ஆஸ்கர் நாமினேஷன் வேற, அதே நேரத்துல வீட்டுல ஃபேசஸ் படத்தோட எடிட்டிங் வருஷக்கணக்கா ஓடிட்டிருக்கு.

கேள்வி: முதல் படம் ஷேடோஸுக்கு காசு யார் குடுத்தா?

பதில்: நியூயார்க்ல ஜீன் ஷெப்பர்டுன்னு ஒருத்தர் ராத்திரில ரேடியோ ப்ரோக்ராம் நடத்துவார், அதுல போய் சாதாரண மனுஷங்கள பத்தி படம் வேணும்னா நீங்களே காசு அனுப்புங்கன்னு கேட்டுட்டார், கேட்டவங்களும் நெஜமாவே அனுப்பிட்டாங்க, சுமார் 2000 டாலர் வந்துச்சு. மீதிய அங்க இங்க பொரட்டி 16 எம்எம்ல எடுத்து போட்டுக் காட்டுனா அவருக்கே புடிக்கல. 1959ல நெறைய சீன் புதுசா எடுத்து சேர்த்தார், இன்னைக்கு நாம பாக்குறது அந்த ரெண்டாவது வெர்ஷன்.

கேள்வி: ஸ்கிரிப்டே இல்லாம எடுப்பாராமே?

பதில்: இத கேட்டாலே எனக்கு கடுப்பாகும். ஷேடோஸ் கடைசில இது இம்ப்ரோவைசேஷன், அதாவது எழுதி வைக்காம அப்பப்ப தோணுனத நடிச்சதுன்னு கார்டு போட்டார், அந்தப் பேரு அப்படியே ஒட்டிக்கிச்சு. ஆனா ஃபேசஸ் திரைக்கதைக்கே ஆஸ்கர் நாமினேஷன் வாங்கியிருக்கார். வசனம் பேப்பர்ல இருக்கும், அத எப்படி பேசணும் எங்க நிக்கணும்ங்கறத நடிகர்கிட்ட விட்டுருவார், அவ்ளோதான்.

கேள்வி: ஸ்டூடியோக்காரங்களோட ஏன் ஒத்துப்போகல?

பதில்: எடிட்டிங் தான். 1963ல இவர் டைரக்ட் பண்ண எ சைல்ட் இஸ் வெயிட்டிங், தயாரிப்பாளர் ஸ்டான்லி கிராமர் படத்த தன் கைக்கு எடுத்துக்கிட்டார். கடைசி கட் தன் கைல இல்லாத படம் தன் படமே இல்லன்னு அப்பவே முடிவு பண்ணியிருப்பார்னு நெனைக்கிறேன்.

கேள்வி: நானும் வீட்ட அடமானம் வச்சு படம் எடுக்கலாம்னு இருக்கேன் ப்ரோ, அவர் பண்ணலையா?

பதில்: பண்ணார், 1974ல எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸுக்கு. ஆனா கொலம்போ டிவி சீரியல் ஹீரோ பீட்டர் ஃபாக் நடிச்சதோட பணமும் போட்டார், பொண்டாட்டி ஜீனா ரோலண்ட்ஸ் தான் ஹீரோயின், அப்படி இருந்தும் வாங்க ஆளில்லாம தியேட்டர் தியேட்டரா இவங்களே போன் போட்டு ஓட்டுனாங்க. ஜெயிச்சுது, டைரக்டர்னு இவருக்கும் நடிகைன்னு ஜீனாவுக்கும் ஆஸ்கர் நாமினேஷன். இதே மாதிரி சொந்தமா ரிலீஸ் பண்ண 1976 படம் தி கில்லிங் ஆஃப் எ சைனீஸ் புக்கி கையக் கடிச்சிருச்சு, சீக்கிரமே தியேட்டர விட்டு தூக்கிட்டாங்க. அதையும் கணக்குல வச்சுக்கங்க.

கேள்வி: எதுல ஆரம்பிக்கலாம்?

பதில்: 1980ல வந்த குளோரியா. துப்பாக்கி, துரத்தல்னு விறுவிறுன்னு போகும், வெனிஸ் திரைப்பட விழால தங்கச் சிங்கம் விருது கூட வாங்குச்சு (இன்னொரு படத்தோட சேர்ந்து தான்). புடிச்சிருந்தா 1974 படத்துக்கு போங்க. ஃபேசஸ நேரா போட்டுட்டு என்னய திட்டாதீங்க.