ஆறாவது செயலி

அன்புள்ள ஆசிரியருக்கு,

14 பேர் கொண்ட ஒரு திட்டக்குழுவை ஒருங்கிணைப்பது என் வேலை. நாங்கள் மூன்று வெவ்வேறு நேர மண்டலங்களில் இருக்கிறோம். மின்னஞ்சல், அரட்டைச் செயலி, காணொளிக் கூட்டம், பகிர்ந்து எழுதும் ஆவணங்கள், யாருக்கு என்ன வேலை என்று காட்டும் பலகை என்று ஐந்து கருவிகள் வைத்திருக்கிறோம். இவ்வளவு இருந்தும் "இதை எப்போது முடிவு செய்தோம்?" என்ற கேள்வி வாரம் தவறாமல் வருகிறது. யாராலும் பதில் சொல்ல முடிவதில்லை. நேரில் சந்தித்த காலத்தில் நன்றாகப் பேசிய நான்கைந்து பேர் இப்போது கூட்டங்களில் வாய் திறப்பதே இல்லை. நிர்வாகம் இரண்டு தீர்வுகளைச் சொல்கிறது. ஒன்று, ஐந்தையும் ஒன்றாக்கிய புதிய செயலியை வாங்கி எல்லோரும் கட்டாயம் அதற்கு மாறுவது. மற்றொன்று, வேலைநேரம் முழுக்க எல்லோர் பெயருக்குப் பக்கத்திலும் பச்சைப் புள்ளி எரிய வேண்டும், மெசேஜ் வந்தால் பத்து நிமிடத்துக்குள் பதில் போட வேண்டும் என்று விதி வைப்பது. இரண்டைப் பற்றியும் என் கருத்தை எழுத்தில் கேட்டிருக்கிறார்கள். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

புதிய செயலியை இப்போதைக்கு வாங்க வேண்டாம் என்று எழுதிக் கொடுங்கள். பச்சைப் புள்ளி விதியைக் கடுமையாகவே எதிர்த்து எழுதுங்கள். காரணங்களைச் சொல்கிறேன். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எல்லாவற்றையும் ஒரே இடத்தில் கொட்டிவிட்டால் குழப்பம் தீரும் என்ற நம்பிக்கை புதிதல்ல. கூகுள் 2009 மே மாதம் 'வேவ்' என்ற ஒன்றை அறிவித்தது. மின்னஞ்சல், அரட்டை, கூட்டாக எழுதும் ஆவணம் எல்லாம் அதற்குள் ஒன்றாகக் கலந்திருந்தன. நீங்கள் தட்டத் தட்ட ஒவ்வொரு எழுத்தும் அடுத்தவர் திரையில் தெரியும். தொழில்நுட்பமாக அது அபாரமான வேலை. ஆனால் எதிர்பார்த்த அளவுக்கு ஆட்கள் சேரவில்லை என்று 2010 ஆகஸ்டிலேயே கூகுள் அதை நிறுத்த முடிவெடுத்தது. பேச்சுக்கும் பதிவுக்கும் நடுவே இருந்த எல்லைக்கோட்டை வேவ் அழித்துவிட்டது என்பது என் கணிப்பு. அதில் ஒரு வரியைப் பார்த்தால், அது யாரோ போகிற போக்கில் சொன்னதா, எல்லோரும் ஒத்துக்கொண்டதா என்று தெரியாது.

உங்கள் குழுவின் பிரச்சினையும் அதுதான். உங்களிடம் பேசுவதற்கு ஐந்து இடங்கள் இருக்கின்றன, முடிவை வைப்பதற்கு ஓர் இடமும் இல்லை. ஆறாவதாக ஒன்று வந்தாலும் அதுவும் பேசுகிற இடமாகத்தான் ஆகும்.

கருவி ஒன்றாகவே இருந்தும் விளைவு நேர்மாறாகப் போன ஒரு நிகழ்வை வாண்டா ஆர்லிகோவ்ஸ்கி என்ற ஆய்வாளர் பதிவு செய்திருக்கிறார். 1989இல் லோட்டஸ் நோட்ஸ் என்ற மென்பொருள் வெளிவந்தது. நிறுவனம் முழுக்க அறிவைப் பகிர்ந்துகொள்ள அதுதான் வழி என்று பெரிய எதிர்பார்ப்பு இருந்தது. ஒரு பெரிய ஆலோசனை நிறுவனம் அதை வாங்கித் தன் ஆலோசகர்களின் கணினிகளில் நிறுவியது. அங்கே அது எப்படிப் பயன்பட்டது என்று அவர் எழுதிய கட்டுரை 1992இல் வந்தது. ஆலோசகர்கள் அதைப் பெரும்பாலும் தனிக் கருவியாகவே வைத்துக்கொண்டார்கள். பகிர்வதற்கு அவர்களுக்கு என்ன அவசியம்? வாடிக்கையாளரிடம் கட்டணம் கேட்க முடியாத ஒவ்வொரு மணி நேரமும் அவர்களுக்கு இழப்பு. பதவி உயர்வுக்குப் பக்கத்து மேசைக்காரரோடு போட்டி. தனக்குத் தெரிந்ததைப் பொதுவில் வைப்பவர் தன் மதிப்பைத் தானே குறைத்துக்கொள்கிறார். ஆனால் அதே நிறுவனத்தின் தொழில்நுட்பப் பிரிவில் அதே மென்பொருள் செழித்தது. அங்கே அந்தப் போட்டி இல்லை, ஒருவர் சிக்கலுக்கு இன்னொருவர் தீர்வு எழுதுவது வழக்கமாக இருந்தது.

இந்த ஆய்வை உங்கள் நிர்வாகத்துக்குச் சொல்லுங்கள். உங்கள் குழுவில் ஒருவர் தெரிந்ததை எழுதி வைத்தால் அவருக்கு என்ன கிடைக்கிறது, எழுதாமல் விட்டால் என்ன இழக்கிறார் என்று கேளுங்கள். இதற்குப் பதில் இல்லாமல் எந்தச் செயலியை வாங்கியும் பயனில்லை.

இதை இன்னும் கூர்மையாகச் சொன்னவர் ஜொனாதன் குரூடின் என்ற ஆய்வாளர். குழுவாக வேலை செய்வதற்கென்று எழுதப்படும் மென்பொருள்கள் ஏன் தோற்கின்றன என்று 1988இல் அவர் கேட்டார். ஒருவர் கூடுதல் வேலை செய்கிறார், பலன் வேறொருவருக்குப் போகிறது என்பது அவர் சொன்ன முதல் காரணம். கூட்டத்துக்கான நேரத்தைத் தானாகவே தேடிக் கொடுக்கும் மென்பொருளை அவர் உதாரணமாக எடுத்துக்கொண்டார். கூட்டம் கூட்டுகிற மேலாளருக்கு அது வசதி. ஆனால் அது வேலை செய்ய வேண்டுமானால் மற்ற எல்லோரும் தங்கள் நாட்காட்டியை நாள்தோறும் நிரப்பி வைக்க வேண்டும். அவர்களுக்கு அதில் ஒரு லாபமும் இல்லாததால் நிரப்பவில்லை. ஏழு ஆண்டு கழித்து, 1995இல், அவரும் லெய்சியா பேலனும் பெரிய நிறுவனங்களில் போய்ப் பார்த்தபோது நாட்காட்டி பரவியிருந்தது. மேலிருந்து வந்த உத்தரவால் அது பரவவில்லை. பயன்படுத்துகிறவருக்கே எளிதாகவும் லாபமாகவும் ஆனபோது சக ஊழியர்கள் வழியாகப் பரவியது. "எல்லோரும் கட்டாயம் மாற வேண்டும்" என்ற சொற்றொடரை உங்கள் கடிதத்தில் படித்தபோது எனக்கு உடனே இது நினைவுக்கு வந்தது.

சரி, முடிவுகளை எங்கே வைப்பது? இணையத்தையே கட்டியவர்கள் இதற்கு ஒரு வழக்கம் வைத்திருக்கிறார்கள். இணைய நெறிமுறைகளை வகுக்கும் ஐஇடிஎஃப் அமைப்பு ஆண்டுக்கு மூன்று முறை நேரில் கூடுகிறது. கூடத்தில் இருப்பவர்கள் எல்லோரும் தலையாட்டினாலும் அது முடிவாகாது. மின்னஞ்சல் குழுவுக்கு எழுதி, வராதவர்களும் படித்து, அங்கேயும் பொதுவான இசைவு இருப்பது உறுதியானால்தான் முடிவு. திறந்த மூல மென்பொருள்களை உருவாக்கும் அப்பாச்சி அறக்கட்டளையின் திட்டங்களிலும் மின்னஞ்சல் குழுவில் நடக்காதது நடக்கவே இல்லை என்பார்கள். அங்கே ஒரு வாக்கெடுப்புக்குக் குறைந்தது 72 மணி நேரம் கொடுப்பது வழக்கம், உலகின் எந்த மூலையில் இருப்பவரும் தூங்கி எழுந்து, படித்து, யோசித்து, மறுக்க வேண்டுமானால் மறுக்கலாம் என்பதற்காக. மின்னஞ்சல் குழு பழைய கருவிதான், ஆனால் எது முடிவு என்பதில் அங்கே யாருக்கும் ஐயம் வருவதில்லை.

நீங்கள் மின்னஞ்சலுக்குத் திரும்ப வேண்டும் என்று நான் சொல்லவில்லை. ஏற்கெனவே இருக்கும் பகிர்ந்த ஆவணங்களில் ஒன்றை 'முடிவுகள்' என்று பெயரிட்டு ஒதுக்குங்கள். ஒவ்வொரு முடிவுக்கும் நான்கைந்து வரி போதும். என்ன முடிவு, என்றைக்கு, யார் பொறுப்பு, எந்த மாற்றுவழிகளை ஏன் விட்டோம் என்று எழுதுங்கள். கடைசியாகச் சொன்னதைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். ஆறு மாதம் கழித்து அதே விவாதம் மறுபடி முளைப்பது பெரும்பாலும் அந்த ஒரு வரி இல்லாததால்தான். அதில் இல்லாத எதுவும் முடிவல்ல என்று குழுவே ஒப்புக்கொள்ள வேண்டும். தனிச்செய்தியில் இருவர் பேசி முடித்ததற்கும் இது பொருந்தும். மென்பொருள் பொறியாளர் ஃபிரெட் புரூக்ஸ் 1975இல் ஒரு கணக்கைச் சுட்டிக்காட்டினார். ஐந்து பேருக்குள் 10 ஜோடிகள் உருவாகும். உங்கள் 14 பேருக்குள் 91. முடிவுகள் அந்த 91 தனி உரையாடல்களுக்குள் சிதறிக் கிடந்தால் எந்தத் தேடல் வசதியாலும் மீட்க முடியாது.

பகிர்ந்த ஆவணங்களைப் பற்றி இடையில் ஒன்று சொல்ல வேண்டும். இருவர் ஒரே வரியில் ஒரே நேரத்தில் எழுதினாலும் எழுத்துகள் குலையாமல் பார்த்துக்கொள்ளும் வழிமுறையை எல்லிஸ், கிப்ஸ் என்ற இரு ஆய்வாளர்கள் 1989இல் வெளியிட்டார்கள். கூகுள் டாக்ஸ் அந்த வழியில் வந்தது. அது எழுத்துகளின் மோதலைத் தீர்க்கும், கருத்துகளின் மோதலைத் தீர்க்காது. நிரல் எழுதுவோர் பயன்படுத்தும் 'கிட்' என்ற கருவி, ஒரே வரியை இருவர் வேறு வேறாக மாற்றியிருந்தால் நின்றுவிடும். எது சரி என்று மனிதர்தான் சொல்ல வேண்டும். பகிர்ந்த ஆவணம் அப்படி நிற்பதில்லை, ஒருவர் வாக்கியத்தை இன்னொருவர் சத்தமில்லாமல் அழித்துவிடலாம். ஆகவே முடிவுகள் ஆவணத்தை எல்லோரும் நேரடியாகத் திருத்தாமல், பரிந்துரையாக மட்டும் மாற்றங்களை எழுதும்படி அமைத்துவிடுங்கள்.

இனி, பேசாமல் போன அந்த நான்கைந்து பேர். உங்கள் கடிதத்தில் என்னை அதிகம் உறுத்தியது இதுதான். அவர்களுக்கு ஆர்வம் போய்விட்டது என்று முடிவுகட்டும் முன் அவர்களின் இணைப்பைச் சோதியுங்கள். மனிதப் பேச்சில் ஒருவர் முடித்து அடுத்தவர் தொடங்கும் இடைவெளி மிகச் சிறியது. பத்து மொழிகளை ஒப்பிட்டு 2009இல் வந்த ஆய்வில் அது சராசரியாக ஏறத்தாழ 200 மில்லிவினாடி. இப்போது ஒருவரின் இணைப்பில் குரல் போக 300, வர 300 மில்லிவினாடி ஆகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். நீங்கள் பேசி முடித்ததை அவர் 300 தாமதமாகக் கேட்கிறார், இயல்பான 200 இடைவெளி விட்டுத் தொடங்குகிறார், அது உங்களை வந்தடைய இன்னொரு 300. உங்கள் காதுக்கு அது 800 மில்லிவினாடி மௌனம். அதற்குள் நல்ல இணைப்புள்ள ஒருவர் பேச்சை எடுத்துக்கொண்டிருப்பார். தாமதமாக வந்த குரல் குறுக்கே விழுந்ததுபோல் கேட்கும். அவர் "இல்லை, நீங்கள் சொல்லுங்கள்" என்று பின்வாங்குவார். பத்து முறை இப்படி நடந்தால் பதினோராவது முறை அவர் முயலவே மாட்டார். குரல் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போக 150 மில்லிவினாடிக்குள் இருந்தால்தான் பெரும்பாலும் சிரமமிருக்காது என்று சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியத்தின் பரிந்துரையும் சொல்கிறது.

அவர்களில் சிலர் இயல்பிலேயே யோசித்துப் பேசுகிறவர்களாகவும் இருக்கலாம். இரண்டுக்கும் ஒரே மருந்துதான். கூட்டத்துக்கு ஒரு நாள் முன்னால் பேசவேண்டிய பொருளை ஒரு பக்கமாக எழுதி அனுப்புங்கள். எல்லோரும் கருத்தை எழுதிவிட்டு வரட்டும். கூட்டம் அந்தக் கருத்துகளிலிருந்து தொடங்கட்டும். யார் முதலில் பேசுவது என்பதை வேகமான இணைப்பு தீர்மானிக்க விடாதீர்கள், பெயர் சொல்லி அழைத்து, பதில் வரும்வரை காத்திருங்கள்.

பச்சைப் புள்ளிக்கு வருகிறேன். விசைப்பலகையை யாரோ தொட்டார்கள் என்பதைத் தவிர அந்தப் புள்ளி எதையும் காட்டாது. ஒரு சிக்கலை அரை மணி நேரம் தாளில் வரைந்து பார்ப்பவர் பெயர் மங்கிவிடும். பத்து நிமிட விதி அதைவிட மோசம், ஏனென்றால் எந்த வேலையையும் பத்து நிமிடத்துக்கு மேல் தொடர்ந்து செய்யாதே என்றுதான் அதற்குப் பொருள். ராபர்ட் ஜோஹான்சன் என்ற ஆய்வாளர் 1988இல் குழுவாக வேலை செய்ய உதவும் கருவிகளை ஒரே நேரமா வேறு நேரமா, ஒரே இடமா வேறு இடமா என்று நான்காகப் பிரித்துக் காட்டினார். மூன்று நேர மண்டலங்களில் இருக்கும் உங்களுக்குக் கிடைத்துள்ள பெரிய வசதி 'வேறு நேரம், வேறு இடம்' என்ற கட்டம்தான். ஒருவர் எழுதி வைத்துவிட்டுத் தூங்கப் போகலாம், இன்னொருவர் எழுந்து அதைத் தொடரலாம். பத்து நிமிட விதி அந்தக் கட்டத்தையே அடைத்துவிடுகிறது. அதோடு, தூங்கவேண்டிய நேரத்தில் யாராவது ஒருவர் விழித்திருந்துதான் ஆக வேண்டும். பெரும்பாலும் அது குழுவில் குரல் குறைந்தவராகத்தான் இருப்பார்.

எப்போது பதில் எதிர்பார்க்கலாம் என்பதில் தெளிவு வேண்டும் என்ற நிர்வாகத்தின் கவலை நியாயமானது. உண்மையிலேயே அவசரம் என்றால் தொலைபேசியில் அழைக்கட்டும். அரட்டையில் வந்ததற்கு அவரவர் வேலைநாள் முடிவதற்குள் பதில். ஆவணத்தில் கேட்டதற்கு அடுத்த வேலைநாள் முடிவதற்குள். இதை எழுதி வைத்துவிட்டால் யாரும் புள்ளியைப் பார்த்துக்கொண்டு உட்கார வேண்டியதில்லை.

நிர்வாகத்திடமிருந்து நீங்கள் கேட்டு வாங்கவேண்டியது ஒன்றே ஒன்று. முடிவுகள் ஆவணத்தை யார் எழுதுவது? இப்படியே விட்டால் ஒழுங்குணர்வு மிகுந்த ஒருவர் தலையில் அது விழும், பலனை மற்ற 13 பேர் அனுபவிப்பார்கள், சில மாதங்களில் அவர் சலித்து நிறுத்திவிடுவார். குரூடின் சொன்னதும் இதைத்தான். ஆகவே வாரம் ஒருவர் முறை வைத்து எழுதட்டும். எழுதுகிறவருக்கு அந்த வாரம் அரை நாள் வேலையைக் குறைத்து, பலகையில் அதையும் ஒரு வேலையாகவே பதிவு செய்ய வேண்டும் என்று கேளுங்கள். செயலிக்கு ஒதுக்கிய பணத்தைவிட இதற்குக் குறைவாகத்தான் ஆகும் என்று நினைக்கிறேன், கணக்கைப் போட்டு அதையும் உங்கள் கருத்தோடு இணைத்துக் கொடுங்கள்.

அன்புடன்.