கிறிஸ்துமஸ் பலகார ஸ்டாலுக்கு 42,000 ரூபாயா?

கேள்வி: எங்கள் சபையின் பெண்கள் ஐக்கிய சங்கத்தில் 12 பேர் சேர்ந்து டிசம்பரில் ஆலய வளாகத்தில் பலகார ஸ்டால் போடப் போகிறோம். அச்சு முறுக்கு, முந்திரிக்கொத்து, கல்கல், மக்ரூன், நெய் பிஸ்கட் எல்லாம் அவரவர் வீட்டில் செய்து கொண்டுவந்து விற்பதாகத் திட்டம். வருகிற பணம் சில பிள்ளைகளின் படிப்புச் செலவுக்குப் போகும். அதற்கு முந்தின சனிக்கிழமை எங்களுக்குள்ளேயே பலகாரத்தை மாற்றிக்கொள்ள ஒரு நாளும் வைத்திருக்கிறோம். விஷயம் தெரிந்து ஒருவர் வந்தார். "உணவு உரிமம் இல்லாமல் விற்றால் ஜெயில். மாற்றிக்கொண்டாலும் சட்டப்படி அது விற்பனைதான்" என்று சொல்லி, வீட்டுக்கு 3,500 ரூபாய் வீதம் 42,000 ரூபாய் கேட்கிறார். பயமாக இருக்கிறது. ஸ்டாலையே விட்டுவிடலாமா? கிரீம் கேக், வீட்டு ஒயின் இரண்டையும் ஸ்டாலில் வைக்கலாமா?
- வாசகி, பாளையங்கோட்டை

பதில்: விட வேண்டாம் அம்மா. அந்த ஆளிடம் ஒரு ரூபாயும் கொடுக்கவும் வேண்டாம்.

அவர் சொன்னதில் பாதி உண்மை இருப்பதால்தான் உங்களுக்குப் பயம் வந்திருக்கிறது. அந்தப் பாதியை முதலில் சொல்லிவிடுகிறேன். உணவுப் பாதுகாப்பு மற்றும் தரங்கள் சட்டம், 2006, உணவு வணிகம் என்றால் என்ன என்று சொல்லும்போது, லாபத்துக்காகச் செய்தாலும் சரி, லாபம் இல்லாமல் செய்தாலும் சரி என்று சேர்த்தே சொல்கிறது. "நாங்கள் தர்ம காரியத்துக்குத்தானே விற்கிறோம்" என்பது அங்கே எடுபடாது. விற்கிற பலகாரத்தைச் சாப்பிடும் குழந்தைக்கு, அந்தக் காசு எங்கே போகிறது என்பதால் வயிறு வலிக்காமல் இருக்கப் போவதில்லை. சட்டத்தின் இந்த நியாயத்தோடு எனக்குச் சண்டை இல்லை.

மீதிப் பாதிக்கு வருவோம். உங்களுக்குத் தேவை உரிமம் இல்லை, பதிவு. இரண்டும் வேறு. உரிமம் பெரிய கடைகளுக்கும் தொழிற்சாலைகளுக்கும். தானே செய்து தானே விற்கும் சிறு உற்பத்தியாளர், தெரு வியாபாரி, தற்காலிக ஸ்டால் போடுபவர் ஆகியோருக்கு உரிமம் வேண்டாம், பதிவு செய்துகொண்டால் போதும் என்று அதே சட்டத்தின் 31ஆவது பிரிவு சொல்கிறது. 2011இல் வந்த விதிகள் இந்தச் சிறு வியாபாரத்துக்கு ஆண்டு விற்பனை 12 லட்சம் ரூபாய் என்று வரம்பு வைத்தன. 12 பேர் சுடுகிற அச்சு முறுக்கு அந்தப் பக்கமே போகாது. பதிவுக்கு அந்த விதிகளில் உள்ள கட்டணம் ஆண்டுக்கு 100 ரூபாய். ஆமாம், நூறுதான். ஒரு வருடத்துக்கு மட்டும் எடுத்தால் 12 வீட்டுக்கும் சேர்த்து 1,200 ரூபாய். அதற்குத்தான் அவர் 42,000 கேட்கிறார்.

அந்த 1,200 ரூபாய் கூட ஆகாத வழி ஒன்று இருக்கிறது. 12 அடுப்பில் தனித்தனியாகச் செய்யாமல், சபை மண்டபத்துச் சமையலறையில் இரண்டு மூன்று நாள் எல்லோரும் சேர்ந்து சுடுங்கள். சங்கச் செயலாளர் பெயரில், மண்டபத்தின் முகவரிக்கு ஒரே பதிவு எடுங்கள். இடத்தைப் பயன்படுத்தச் சம்மதம் என்று சபையிலிருந்து ஒரு கடிதம் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். ஸ்டாலும் அதே வளாகத்தில்தான் இருக்கப் போகிறது. உங்கள் பக்கத்தில் ஒருத்தர் வீட்டுத் திண்ணையில் தெருவே உட்கார்ந்து கல்கல் உருட்டுவது பழக்கமானதுதானே, அதையே மண்டபத்தில் செய்யுங்கள். மாவு எங்கே அரைத்தது, எண்ணெய் எத்தனை முறை காய்ந்தது என்று எல்லோர் கண்ணும் பார்க்கும். எனக்கு அதுதான் பெரிய ஆதாயமாகத் தெரிகிறது.

விண்ணப்பம் ஃபோஸ்கோஸ் என்ற அரசு இணையதளத்தில், படிவம் ஏ. புகைப்படம், அடையாள அட்டை, முகவரிச் சான்று. உங்கள் வீட்டில் கல்லூரி போகும் பிள்ளை இருந்தால் ஒரு மாலையில் முடித்துவிடும். முகவரியைப் பார்த்துத் திறக்கச் சொல்லுங்கள். கடைசியில் ஜிஓவி டாட் இன் என்று முடிந்தால்தான் அது அரசு தளம். தேடினால் மேலே விளம்பரமாக வந்து நிற்பவற்றில் பல, அரசு முத்திரை போலவே ஒன்றை வைத்துக்கொண்டு ஆயிரக்கணக்கில் கட்டணம் கேட்கும் தனியார் தளங்கள். அரசுப் பணியில் இருந்த காலத்தில் என்னிடம் அழுதுகொண்டு வந்தவர்களில் பாதிப் பேர் அந்த வாசலில் நுழைந்து ஏமாந்தவர்கள்.

தரகர்களைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்லியே ஆக வேண்டும். விண்ணப்பத்தில் அவர்கள் தங்கள் கைபேசி எண்ணையும் மின்னஞ்சலையும் போட்டுவிடுவார்கள். நீங்கள் கவனிக்க மாட்டீர்கள். அடுத்த ஆண்டு புதுப்பிக்கப் போனால் ஒருமுறைக் கடவுச்சொல் அவர் போனுக்குத்தான் போகும். ஆக, ஆயுளுக்கும் அவர் காலடியில் நிற்க வேண்டும். அப்புறம், விண்ணப்பித்ததும் 17 இலக்கத்தில் ஒரு எண் வரும். அது வெறும் விண்ணப்ப எண். அதைக் காகிதத்தில் அச்சடித்து, பிரேம் போட்டு, "இதோ உங்கள் உரிமம்" என்று கொடுத்தவர்களை எனக்குத் தெரியும். உண்மையான பதிவு எண்ணுக்கு 14 இலக்கம், 2 என்ற எண்ணில் தொடங்கும். 1இல் தொடங்கினால் அது உரிமம். ஒரு பெண்மணி 6,000 ரூபாய் கொடுத்து வாங்கிய சான்றை என்னிடம் காட்டினார். எண்ணை அரசு தளத்தில் போட்டுத் தேடினோம். வேறு மாவட்டத்தில் யாரோ ஒருவருடைய அரிசிக்கடை வந்தது. எண் கைக்கு வந்த அன்றே நீங்களும் இப்படித் தேடிப் பார்த்துவிடுங்கள்.

சான்று வந்த பிறகும் விட மாட்டார்கள். "ஆண்டறிக்கை தாக்கல் செய்யவில்லை, நாளுக்கு 100 ரூபாய் அபராதம் ஏறிக்கொண்டிருக்கிறது" என்று போன் வரும். அந்த அறிக்கை உரிமம் வைத்திருப்பவர்களுக்கு, பதிவு மட்டும் வைத்திருக்கும் சிறு வியாபாரிக்கு இல்லை. "பொட்டலம் போட்டு விற்றால் பதிவு போதாது, உரிமம்தான் எடுக்க வேண்டும்" என்பது இன்னொரு பொய். உரிமத்துக்கு அரசுக் கட்டணமே ஆயிரங்களில் போவதால், அதன்மேல் அவர்கள் ஏற்றிக் கேட்பது உறுத்தாது, அவ்வளவுதான். ஜிஎஸ்டி பற்றியும் அந்த ஆள் ஏதாவது சொல்லியிருந்தால் மறந்துவிடுங்கள்.

இந்தத் தரகர் கூட்டம் எப்படிப் பிழைக்கிறது? படிவத்தை உருவாக்கிய அதிகாரிகள் யாருக்காக உருவாக்குகிறோம் என்று நினைக்காததால்தான். கல்கல் விற்கும் ஒரு பெண்ணிடம், உன் தொழில் எந்த வகை, உன் பொருள் எந்தப் பிரிவு என்று நூறு பெயர்களைக் காட்டித் தேர்ந்தெடுக்கச் சொன்னால் அவள் எங்கே போவாள்? பாதி நிரப்பும்போது தளம் தொங்கும். அதையும் தாண்டி அனுப்பினால், புகைப்படம் தெளிவாக இல்லை என்று ஒரு வாரம் கழித்துத் திரும்பி வரும். 100 ரூபாய்ச் சேவையை 3,500 ரூபாய்ச் சரக்காக ஆக்குவது இந்தத் தாமதம்தான். இது எனக்கு இன்றைக்கும் ஆறாத கோபம். ஆனால் விதி உங்கள் பக்கம் இருக்கிறது. விண்ணப்பம் கிடைத்த 7 நாளுக்குள் அதிகாரி பதிவு தர வேண்டும், இல்லை காரணத்தை எழுதி மறுக்க வேண்டும், இல்லை ஆய்வுக்கு வருவதாகச் சொல்ல வேண்டும். மூன்றில் ஒன்றும் நடக்கவில்லை என்றால் நீங்கள் வேலையைத் தொடங்கலாம். ஆய்வு என்று சொல்லிவிட்டு 30 நாள் வரை முடிவு தராவிட்டாலும் அப்படியே. அதனால் நவம்பர் முதல் வாரத்திலேயே விண்ணப்பித்துவிடுங்கள். ஒப்புகையை அச்செடுத்துத் தேதி தெரிய வைத்துக்கொள்ளுங்கள்.

சரி, மாற்றிக்கொள்ளும் நாள். இதில்தான் அந்த ஆள் உங்களைக் கெட்டிக்காரத்தனமாகக் குழப்பியிருக்கிறார். சட்டத்தில் 'விற்பனை' என்ற சொல்லுக்கு விளக்கம் தரும் இடத்தில் ரொக்கம், கடன் இரண்டோடு பண்டமாற்றும் சேர்க்கப்பட்டிருப்பது உண்மைதான். ஆனால் ஒரு சொல்லின் விளக்கத்தைத் தனியாகப் பிய்த்து எடுத்து மிரட்டக்கூடாது. பதிவு செய்துகொள் என்ற கட்டாயம் உணவு வணிகம் நடத்துகிறவருக்கு. தீபாவளிக்குப் பக்கத்து வீட்டிலிருந்து முறுக்குத் தட்டு வருகிறது, கிறிஸ்துமஸுக்கு அதே தட்டில் முந்திரிக்கொத்து போகிறது. வந்த பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பித் தருவது நமக்கு வழக்கமே இல்லை. இது வணிகம் என்றால் தெருவில் ஒரு வீடு மிஞ்சாது. 12 பேர் ஒரு சனிக்கிழமை உட்கார்ந்து டப்பாக்களை மாற்றிக்கொள்வதும் இதே தட்டுதான், கொஞ்சம் பெரிய தட்டு. அதற்கு ஒரு பதிவும் வேண்டாம்.

ஆனால் அது எந்த இடத்தில் வேறாகிறது என்றும் தெரிந்துகொள்ளுங்கள். பலகாரம் கொண்டுவராதவர் 300 ரூபாய் கட்டிவிட்டு ஒரு டப்பா எடுத்துப் போகலாம் என்று வைத்தால், அந்த நிமிஷமே அது விற்பனை. காசுக்கு 'நன்கொடை' என்று பெயர் வைத்தாலும் அப்படித்தான். மாற்றியது போக மேசையில் மிஞ்சியதை அடுத்த வாரம் ஸ்டாலில் வைத்தால் அதுவும் விற்பனைச் சரக்காகிவிடுகிறது, மண்டபத்தில் சுடாத, யார் வீட்டில் எப்படிச் செய்தது என்று தெரியாத சரக்கு. மூன்றாவது, இதைத்தான் பலரும் நம்ப மாட்டார்கள். சங்கத்தின் பெயரில் மொத்தமாகச் சுட்டு, ஆராதனை முடிந்து வருகிற ஊர் முழுவதற்கும் இலவசமாகக் கொடுத்தால் பதிவு வேண்டும். மதக் கூட்டங்களிலும் சமூகக் கூட்டங்களிலும் உணவு வழங்குபவரை 2011 விதிகள் சிறு உற்பத்தியாளர் பட்டியலில் வைத்திருக்கின்றன. கோயில் அன்னதானத்துக்குப் பதிவு கேட்பதும் இதன் கீழ்தான். அப்போது வீட்டுக்கு வீடு தட்டு? அது இதில் வராது. அமைப்பாக நின்று ஊருக்குக் கொடுப்பது வேறு, தெரிந்தவரும் தெரிந்தவரும் மாற்றிக்கொள்வது வேறு. எடுத்துக்கொள்கிற ஒவ்வொருவரும் கொண்டுவந்தவராகவும் இருந்து, யார் கையிலும் காசு புரளாமல் இருக்கும்வரை உங்கள் சனிக்கிழமைக்கு ஒரு தொந்தரவும் இல்லை.

பலகாரத்துக்கு வருகிறேன். மக்ரூனில் முந்திரியும் சர்க்கரையும்தான் கண்ணுக்குத் தெரியும், ஆனால் அது முட்டை வெள்ளைக்கருவில் நிற்கிற பண்டம். அச்சு முறுக்கு மாவில் தேங்காய்ப்பாலோடு முட்டை ஊற்றுகிற வீடும் உண்டு, ஊற்றாத வீடும் உண்டு. சட்டப்படி முட்டை சேர்ந்தது அசைவம். பொட்டலத்தில் பழுப்புக் கட்டத்துக்குள் பழுப்பு முக்கோணம் போட வேண்டும், சைவத்துக்குப் பச்சைக் கட்டத்துக்குள் பச்சை வட்டம். உங்கள் ஸ்டாலுக்குச் சைவக் குடும்பத்துக்காரர்கள் நம்பி வருவார்கள். அவர்கள் கையில் தெரியாமல் முட்டையைக் கொடுத்துவிடாதீர்கள். முட்டை போட்டதையும் போடாததையும் தனி மேசையில் வையுங்கள். சீட்டில் பெயர், சேர்த்த பொருள்கள், எடை, செய்த தேதி, எதுவரை சாப்பிடலாம் என்ற தேதி, பதிவு எண் இருக்கட்டும். முந்திரி, கடலை, பால், முட்டை, கோதுமை இருந்தால் தடித்த எழுத்தில் போடுங்கள், ஒவ்வாமை உள்ள பிள்ளைகள் இருக்கிறார்கள். வீட்டுப் பிரிண்டரில் எடுத்து ஒட்டினால் போதும்.

டிசம்பர் உங்களுக்கு மழைக்காலம். மக்ரூன் ஆறியதும் காற்றுப் புகாத டப்பாவுக்குள் போகாவிட்டால் மறுநாளே நமுத்துவிடும். முந்திரிக்கொத்துக்குத் தேங்காயை ஈரம் போக வறுத்துச் சேருங்கள், அதில் சோம்பல்பட்டால் சில நாளில் காறல் வாடை வரும். எண்ணெய் கறுத்து, நுரைத்து, சீக்கிரமே புகைய ஆரம்பித்தால் கொட்டிவிடுங்கள், அடுத்த ஈட்டுக்கு மிச்சம் பிடிக்காதீர்கள். செய்தித்தாளில் வைத்து எண்ணெய் வடிப்பதும் பொட்டலம் கட்டுவதும் கூடாது, அந்த மை உணவில் ஏறும். மெல்லிய பிளாஸ்டிக் கைப்பைகள் 2019 ஜனவரி முதல் தமிழ்நாட்டில் தடை, காகிதப் பை வாங்குங்கள்.

கிரீம் கேக் வேண்டாம். நாள் முழுக்க ஓடும் குளிர்ப்பெட்டி ஸ்டாலில் இருந்தால் மட்டும் யோசிக்கலாம். பழக் கேக் வையுங்கள், அது தாங்கும். வீட்டுத் திராட்சை ஒயினை ஸ்டால் பக்கமே கொண்டுவராதீர்கள். அது உணவுத் துறை விவகாரம்கூட இல்லை, மதுவிலக்குச் சட்டத்தில் போய் மாட்டும். அதன் இடத்தில் இஞ்சி ஒயின் வைக்கலாம், அதில் புளிக்க வைத்தது எதுவும் இல்லை. அதையும் அதே மண்டபத்தில், காய்ச்சி ஆறிய தண்ணீரில் செய்து, மூடி இறுக்கிய கண்ணாடிப் பாட்டிலில் கொடுங்கள்.