தொப்பியைத் தொட்டவருக்கு என்ன பதில்?

கேள்வி: பொள்ளாச்சிக்காரர்களான நாங்கள், ஆறு மாதம் தங்குவதற்காக இங்கிலாந்தில் மகன் வீட்டுக்கு வந்திருக்கிறோம். தினமும் காலை நடையின்போது, நாயுடன் எதிரே வரும் வெள்ளைக்காரப் பெரியவர் ஒருவர் தம் தொப்பியின் முன்விளிம்பை இரண்டு விரலால் தொட்டு, தலையசைத்துவிட்டுப் போகிறார். என்ன செய்வதென்று தெரியாமல் நான் சிரித்து வைக்கிறேன். என் கணவரோ, தலையில் கம்பளிக் குல்லா இருந்தும் அதைத் தொட மறுக்கிறார். அவருடைய தாத்தா வால்பாறைத் தேயிலைத் தோட்டத்தில் துரையைக் கண்டால் தலைத்துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நின்றவராம். "அதெல்லாம் மலையேறிவிட்டது, நான் ஏன் தொட வேண்டும்?" என்கிறார். நாங்கள் நடந்துகொள்வது மரியாதைக் குறைவா?
– ஒரு வாசகி

பதில்: உங்கள் கணவருடைய கோபம் நியாயமானதுதான் அம்மா, ஆனால் நாயைக் கூட்டிக்கொண்டு வரும் அந்தப் பெரியவர் அந்தக் கோபத்துக்கு உரியவர் அல்லர். தெருவில் தெரிந்த முகத்தைக் கண்டால் "என்ன, கடைக்கா?" என்று நாம் கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் நடப்போமே, அதைத்தான் அவர் வாய் திறக்காமல் செய்கிறார்.

கவசமணிந்த குதிரை வீரர்கள் எதிரே வருபவருக்குத் தம்மை அடையாளம் காட்ட முகமூடியை உயர்த்தியதிலிருந்து இவ்வழக்கம் பிறந்தது என்று ஒரு கதை உண்டு. கேட்க நன்றாக இருக்கிறது, ஆதாரம்தான் போதாது. ஐரோப்பாவில் பெரியவர் முன்னிலையில் தலையைத் திறந்து நிற்பது நெடுங்காலமாகவே பணிவின் அடையாளம். நாம் வாசலில் செருப்பைக் கழற்றுவது போல. அந்தப் பணிவு காலப்போக்கில் சுருங்கி, கழற்றுவது தூக்குவதாகவும், தூக்குவது தொடுவதாகவும் ஆயிற்று. 1745இல் பிரிட்டனின் கோல்ட்ஸ்ட்ரீம் காவற்படை வீரர்களுக்கு, அதிகாரியைக் கடக்கும்போது தொப்பியைக் கழற்ற வேண்டாம், கையைத் தொப்பிக்குக் கொண்டுபோய்த் தலைதாழ்த்தினால் போதும் என்று உத்தரவே வந்தது.

19ஆம் நூற்றாண்டில் இது நகரத்து ஆண்களின் அன்றாடக் கடமையாகி, அதற்கென்று நுணுக்கமான விதிகளும் முளைத்தன. தெரிந்த ஆணைக் கண்டால் விளிம்பைத் தொட்டால் போதும். பெண்ணாக இருந்தால் தூக்கியே ஆக வேண்டும், அதுவும் இங்கிலாந்தில் அந்தப் பெண் முதலில் தலையசைத்து அறிமுகத்தை ஒப்புக்கொண்ட பிறகு, முகம் மறையாதபடி அவருக்கு அப்பால் இருக்கும் கையால். இரண்டு கைகளிலும் மூட்டை இருந்தால் என்ன செய்வது என்று கவலைப்பட்டவரும் இருந்திருக்கிறார்: அமெரிக்காவின் ஸ்போகேன் நகரைச் சேர்ந்த ஜேம்ஸ் பாயில் என்பவர், அணிந்தவர் தலையைக் குனிந்தால் கடிகாரம் போன்ற இயக்கத்தால் தானாகவே எழும்பிச் சுழன்று மீண்டும் அமரும் தொப்பிப் பொறி ஒன்றுக்கு 1896இல் காப்புரிமை பெற்றார். வணக்கத்தையும் கடிகாரச் சாவியிடம் ஒப்படைத்துவிட்ட அந்த மனிதரை எண்ணிச் சிரிப்பதா, இரங்குவதா என்று எனக்குத் தெரியவில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு தொப்பி அணிவதே குறைந்துவிட்டதால், உங்கள் பெரியவரைப் போன்றவர்கள் இன்று அங்கேயும் அபூர்வம்.

இனி உங்கள் கணவரின் கேள்விக்கு வருகிறேன். அவருக்கு முன்பே அதைக் கேட்டவர்கள் இங்கிலாந்திலேயே இருந்தார்கள். குவேக்கர் என்னும் கிறித்தவப் பிரிவினர், தொழுகையில் கடவுள் முன்னிலையில் மட்டுமே தலையைத் திறப்போம், மனிதர் எவருக்காகவும் திறக்க மாட்டோம் என்று நின்றார்கள். 1670இல் வில்லியம் பென், வில்லியம் மீட் ஆகிய குவேக்கர் இருவர் லண்டன் நீதிமன்றத்துக்குக் கொண்டுவரப்பட்டபோது, கழற்றியிருந்த அவர்களுடைய தொப்பிகளை நீதிமன்றமே ஆள்விட்டுத் தலையில் மாட்டி, பிறகு தொப்பி அணிந்த குற்றத்துக்காக ஆளுக்கு 40 மார்க் (அக்கால இங்கிலாந்தின் பணக் கணக்கு) அபராதமும் விதித்தது!

நம்மவர் ஒருவரின் கதையும் உண்டு. 1894 வாக்கில் தென்னாப்பிரிக்காவின் டர்பனில், முதலாளியிடம் அடிபட்டு முன்பற்கள் இரண்டு உடைந்த நிலையில், பாலசுந்தரம் என்ற தமிழ் ஒப்பந்தத் தொழிலாளி காந்தியின் அலுவலகத்துக்கு வந்தார். தலைத்துண்டை அவிழ்த்துக் கையில் பிடித்தபடி நின்றார். வெள்ளையரைப் பார்க்கப் போகும் தொழிலாளி அப்படித்தான் நிற்க வேண்டும், இரு கை கூப்பினாலும் போதாது என்பது அங்கே திணிக்கப்பட்ட வழக்கம். காந்தியிடமும் அதே மரியாதை வேண்டும் என்று அவர் நினைத்துவிட்டார். காந்திக்கு அது அவமானமாக இருந்தது. துண்டைக் கட்டிக்கொள்ளச் சொன்னார். சற்றுத் தயங்கிக் கட்டிக்கொண்ட பாலசுந்தரத்தின் முகத்தில் மகிழ்ச்சி தெரிந்தது என்று தம் சுயசரிதையில் எழுதியிருக்கிறார்.

உங்கள் கணவரின் தாத்தா நின்றது பாலசுந்தரம் நின்ற இடத்தில். அவர் துண்டை அவிழ்த்தபோது துரை தம் தொப்பியைத் தொட்டாரா என்று மட்டும் உங்கள் கணவரைக் கேட்டுப் பாருங்கள். ஒருவர் மட்டுமே செய்ய வேண்டியிருந்தால் அது அடிமைத்தனம். இருவரும் செய்தால் அது வணக்கம். உங்கள் தெருவில் முதலில் கை உயர்த்துபவர் அந்த வெள்ளைக்காரர்தான் என்பதை அவர் கவனிக்கட்டும்.

ஆகவே அவர் குல்லாவைத் தொட்டே தீர வேண்டும் என்பதில்லை. கம்பளிக் குல்லாவுக்குத் தொடுவதற்கு விளிம்பும் இல்லை. அதைத் தூக்கினால் வணக்கமாக இராது, தலை சொறிவதாகத்தான் தெரியும். முகத்தைப் பார்த்துத் தலையசைத்து "குட் மார்னிங்" என்றால் போதும். நீங்கள் சிரித்து வைப்பதும் முறையான பதில்தான். அந்த நாட்டு வழக்கப்படி பெண்கள் தொப்பியைத் தொடுவதோ தூக்குவதோ இல்லை. தேவாலயத்துக்குள் போனாலோ, தெருவில் சவ ஊர்வலம் கடந்துபோனாலோ மட்டும் உங்கள் கணவர் குல்லாவைக் கழற்றிக் கையில் வைத்துக்கொள்வது நல்லது. அந்தப் பெரியவரும் அப்போது தம் தொப்பியைக் கழற்றிவிட்டுத்தான் நிற்பார்.