யூரோ ட்ரக் சிமுலேட்டரில் கூடுதல் மேப் போட்டால் ஏன் எழுந்திருக்கவே மனசு வருவதில்லை?

கேள்வி: லாரி ஓட்டும் கேமில், அதுவும் பெரிய மேப் மாட் (ரசிகர்கள் செய்து தரும் கூடுதல் இணைப்பு) போட்டுக்கொண்டு, ஆட்கள் மணிக்கணக்கில் மூழ்கிக் கிடக்கிறார்களே, அதில் அப்படி என்ன இருக்கிறது? எப்படிப் போடுவது?

யூரோ ட்ரக் சிமுலேட்டர் 2-ஐ வைத்தே சொல்கிறேன். செக் நாட்டு எஸ்சிஎஸ் சாஃப்ட்வேர் 2012-இல் வெளியிட்டது; இன்றும் அப்டேட் வருகிறது. ஐரோப்பாவை 1:19 அளவில் சுருக்கியிருக்கிறார்கள், பிரிட்டன் மட்டும் 1:15. கடிகாரமும் அதே கணக்கில் ஓடும். 1,900 கி.மீ. லோடு எடுத்து சராசரி 80-இல் போனால் கேமில் ஏறக்குறைய 24 மணி நேரம், உங்கள் நாற்காலியில் 75 நிமிடம். அதற்குள் இருட்டி, மழை பிடித்து, இரண்டு எல்லை தாண்டி, போர்டுகளின் மொழி மாறிவிடும். டிரைவருக்குத் தூக்கம் வரும், பார்க்கிங் தேட வேண்டும். ஒரு சினிமா நேரத்துக்குள் ஒரு நெடும்பயணம் முடிகிறது. ஈர்ப்பின் முதல் பாதி இதுதான்.

மறுபாதி ரோட்டில் இருக்கிறது. ஆரம்ப மேப்பின் பழைய பகுதிகளில் பெரும்பாலும் மோட்டார்வேதான். வேகத்தை ஒரே அளவில் வைக்கும் க்ரூஸ் கன்ட்ரோலை அழுத்திவிட்டால் வேலை முடிந்தது. ஸ்காண்டிநேவியா (2015), பிரான்ஸ் (2016), இத்தாலி (2017), ஐபீரியா (2021) என்று காசு கொடுத்து வாங்கும் கூடுதல் பகுதிகளான டிஎல்சிகளில் தரம் படிப்படியாக ஏறியது. ரசிகர்கள் சேர்ந்து இலவசமாகச் செய்த புரோமாட்ஸ் என்ற மேப் மாட் அதற்கு மேல் ஒரு படி. ஐஸ்லாந்து, அயர்லாந்து, அன்டோரா எல்லாம் அதில் உண்டு. அயர்லாந்தில் நம் ஊர் போல இடப்பக்கம் ஓட்டலாம். வலப்பக்க ஸ்டியரிங் கேபினையும் லாரிக் கடையிலேயே தேர்வு செய்துகொள்ளலாம்.

குறுகலான ரோட்டில் 13.6 மீட்டர் டிரெய்லரோடு வளைவில் திரும்பும்போது அதன் பின்சக்கரம் உள்பக்கமாக வெட்டிக்கொண்டு வரும். முன்பக்கத்தை வேண்டுமென்றே வெளியே தள்ளி, கண்ணாடியில் பின்சக்கரத்தைப் பார்த்துக்கொண்டே திருப்ப வேண்டும். 25 டன் லோடோடு இறக்கத்தில் போகும்போது பிரேக்கை விட்டு விட்டு மிதித்தால் அதை இயக்கும் காற்றழுத்தம் இறங்கிக்கொண்டே வரும். மிகவும் குறைந்தால் பிரேக் தானாகப் பிடித்து வண்டி நடுரோட்டில் நின்றுவிடும். இறக்கம் தொடங்கும் முன்பே கியரைக் குறைத்து, பிரேக்கை மிதிக்காமலே வேகத்தைக் குறைக்கும் ரிடார்டரைப் போட்டுவிடுவதுதான் வழி. இதையெல்லாம் கவனிக்கிறவனுக்கு வேறு யோசனை எங்கிருந்து வரும்?

இதற்கு செட்டிங்கில் சில மாற்றம் தேவை. ஏர் பிரேக் சிமுலேஷனை ஆன் செய்யுங்கள். டிரெய்லர் ஸ்டெபிலிட்டியைக் குறையுங்கள். எஃப்3 அழுத்தி வழிகாட்டிப் பெட்டியை மறைத்துவிட்டு, ரோட்டோர போர்டைப் பார்த்து ஓட்டுங்கள். எஃப்4-இல் சீட்டை நகர்த்தி இரண்டு பக்கக் கண்ணாடியும் தெரியும்படி வைத்துக்கொள்ளுங்கள். ஸ்டியரிங் வீல் வைத்திருந்தால் சுழற்சி 900 டிகிரி இருக்கட்டும்; 270-இல் வைத்து ஓட்டினால் லாரி, கார் மாதிரி துள்ளும்.

இனி புரோமாட்ஸ். கேம் பதிப்பும் மாட் பதிப்பும் கச்சிதமாகப் பொருந்த வேண்டும். கேம் தானாக அப்டேட் ஆகிவிட்டதா? ஸ்டீமில் (கேம் வாங்கி நிறுவும் மென்பொருள்) கேமின் ப்ராப்பர்ட்டீஸ் போய் பீட்டாஸ் பகுதியில் பழைய பதிப்பைத் தேர்ந்தெடுக்கலாம். எந்தெந்த டிஎல்சி கட்டாயம் என்பதை அவர்கள் தளத்தில் முதலில் பாருங்கள். ஒன்று குறைந்தாலும் லோட் ஆகும்போதே கேம் விழுந்துவிடும். "மாட் வேலை செய்யவில்லை" என்ற புலம்பலில் பெரும்பகுதி இதுதான்.

இலவச டவுன்லோடு பல துண்டுகளாக வரும். எல்லாத் துண்டுகளையும் ஒரே ஃபோல்டரில் போட்டு, 001 என்று முடியும் முதல் துண்டை மட்டும் 7-ஜிப்பில் திறந்தால் போதும், மற்றவற்றை அதுவே சேர்த்துக்கொள்ளும். டெஃப் என்ற சிறிய ஃபைலைத் தளத்திலேயே உருவாக்கி எடுக்க வேண்டும். இதை மறப்பவர்கள் ஏராளம். எல்லாவற்றையும் டாக்குமென்ட்ஸுக்குள் இருக்கும் கேம் ஃபோல்டரின் மாட் ஃபோல்டரில் போடுங்கள். விண்டோஸ் உங்கள் டாக்குமென்ட்ஸை ஒன்டிரைவுக்கு மாற்றியிருந்தால் கேம் தேடுகிற இடமும் அதுதான், அங்கே போடுங்கள். மாட் மேனேஜரில் டெஃப் மேலே, அதற்கடுத்து மேப், மற்றவை கீழே.

முதல் தடவை லோட் ஆனதும் கையிலிருந்த வேலை ரத்தாகி, லாரி கராஜுக்கு இழுக்கப்படும். பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் உங்கள் ஆட்டம் சேமிக்கப்பட்டிருக்கும் ப்ரொஃபைலை முன்பே நகல் எடுத்து வையுங்கள். மாட்டைக் கழற்றும் எண்ணம் வந்தால், அதற்கு முன் லாரியை ஒரிஜினல் மேப்பில் உள்ள ஊருக்கு ஓட்டிவந்து சேவ் செய்யுங்கள்.

கடைசியாக, லாரிக்குள் கேட்கும் ரேடியோ. லைவ் ஸ்ட்ரீம்ஸ் என்ற எஸ்ஐஐ ஃபைலை (live_streams.sii) நோட்பேடில் திறந்து, பிடித்த தமிழ் ஆன்லைன் ரேடியோவின் நேரடி முகவரியை ஏற்கெனவே இருக்கும் வரி போலவே கடைசியில் ஒரு வரியாகச் சேர்த்து, மேலே இருக்கும் மொத்த எண்ணிக்கையிலும் ஒன்றைக் கூட்டுங்கள். எண்ணிக்கையை மாற்றாவிட்டால் ஸ்டேஷன் தெரியாது. கேமுக்குள் இன்டர்நெட்டிலிருந்து பட்டியலைப் புதுப்பிக்கும் பட்டனை அழுத்தினால் நீங்கள் சேர்த்தது அழிந்துவிடும், அதனால் ஃபைலுக்கு ஒரு நகலும் வைத்துக்கொள்ளுங்கள்.